மூட்டை மருந்து வேண்டாம்

கேள்வி: 2024 டிசம்பரில் ஃபெஞ்சல் புயல் மழையில் தென்பெண்ணை கரைபுரண்டபோது, ஆற்றோரக் காலனி ஒன்றில் நண்பர்கள் சேர்ந்து இலவச மருத்துவ முகாம் நடத்தினோம். இரண்டு டாக்டர்கள், ஊரெல்லாம் கேட்டு வாங்கிய மூன்று மூட்டை மருந்து. முந்நூறு பேருக்கு மேல் வந்தார்கள். மதியத்துக்குள் சுகர், பிரஷர் மாத்திரை தீர்ந்து, இருமல் சிரப்தான் மிஞ்சியது. அடுத்த மழைக்கு எப்படித் தயாராவது?
- வாசகர், கடலூர் மாவட்டம்

பதில்: முதலில் அந்த மூட்டையை விடுங்கள். பாதி கிழித்த அட்டையில் மருந்தின் பெயர் இருந்தால் காலாவதித் தேதி இருக்காது, தேதி இருந்தால் எத்தனை மில்லிகிராம் என்பது போயிருக்கும். நோயாளிகள் திருப்பிக் கொடுத்த மருந்தை நன்கொடையாக ஏற்கக் கூடாது என்பதே உலக சுகாதார நிறுவனத்தின் நெறிமுறையும். பணமாக வாங்கி, ஒரு மருந்தாளுநரோடு போய் மொத்தக் கடையில் பில் போட்டு எடுங்கள்.

வெள்ளம் வடிந்த வாரத்தில் வருகிறவர்களில் பலருக்குப் புது நோய் இருக்காது. மாத்திரை டப்பா தண்ணீரோடு போயிருக்கும். சுகருக்கு மெட்ஃபார்மின், பிரஷருக்கு அம்லோடிபின் போன்றவற்றைப் பத்து நாளுக்காவது கொடுக்கும் அளவு வேண்டும். வலிப்பு மாத்திரையை மறக்காதீர்கள், இரண்டு நாள் விட்டாலே வலிப்பு திரும்பலாம். காசநோய் மருந்தை நீங்கள் வாங்க வேண்டாம்; விட்டுப்போனவர்களின் விவரத்தை அன்றே ஆரம்ப சுகாதார நிலையத்துக்குச் சொல்லுங்கள். மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் யாருக்கு என்ன மாத்திரை என்பது அந்த நிலையத்தில் இருக்கும். முன்கூட்டியே வட்டார மருத்துவ அலுவலரைப் பார்த்தால் குத்துமதிப்பாக வாங்க வேண்டியிராது.

இன்சுலினில்தான் ஆபத்து அதிகம். இங்கே குப்பியில் வருவது பெரும்பாலும் மில்லிக்கு 40 யூனிட், பேனா வடிவ ஊசியில் வருவது 100. சிரிஞ்சும் அதற்கேற்றபடி இரண்டு: 40-க்கு சிவப்பு மூடி, 100-க்கு ஆரஞ்சு. மில்லிக்கு 100 யூனிட் உள்ள மருந்தை சிவப்பு மூடி சிரிஞ்சில் ஏற்றினால் இரண்டரை மடங்கு உள்ளே போய், சர்க்கரை சட்டென இறங்கி ஆள் மயங்கிவிடுவார். முகாமில் ஒரே வகைதான் இருக்க வேண்டும். பெட்டியில் ஐஸ் மேல் நேராக வைக்காதீர்கள், உறைந்த இன்சுலின் உதவாது.

எலிக்காய்ச்சல் தடுப்புக்கு டாக்ஸிசைக்ளின் 200 மில்லிகிராம், வாரம் ஒருமுறை. வரிசையில் நிற்கும் எல்லோருக்கும் மிட்டாய் மாதிரி நீட்டாதீர்கள். சேற்றிலும் வெள்ளத்திலும் இறங்கி வேலை பார்ப்பவர்களுக்கு, டாக்டர் எழுதினால் மட்டும். கர்ப்பிணிகளுக்கும் சிறு பிள்ளைகளுக்கும் கிடையாது. சாப்பிட்டபின், நிறையத் தண்ணீரோடு. விழுங்கியதும் படுத்தால் உணவுக்குழாய் புண்ணாகும்.

வயிற்றுப்போக்குக்குக் கரைத்துக் கொடுக்கும் ஓ.ஆர்.எஸ். பொட்டலம் ஒரு லிட்டருக்கு ஒன்று, 200 மில்லிக்கு ஒன்று என இரு அளவில் வருகிறது. பெரியதை ஒரு டம்ளரில் கரைத்துக் கொடுத்தால் உப்பு மிகுந்து குழந்தைக்குக் கெடுதல். பெரிய பொட்டலத்தோடு லிட்டர் பாட்டிலையும் சேர்த்தே கொடுங்கள்.

கூட்டம்: ஆளுக்கு ஐந்து நிமிடம் என்றால் ஒரு டாக்டர் மணிக்கு 12 பேர். இருவர், ஆறு மணி நேரம், 144. அதோடு டோக்கனை நிறுத்தி, மீதிப் பேரை மறுநாளைக்கு எழுதிக்கொள்ளுங்கள். பாம்புக்கடி, மூச்சுத்திணறல், நெஞ்சுவலி என்றால் டோக்கன் பார்க்காமல் 108.

குத்திய ஊசிக்கு மூடி போடாமல், துளைக்க முடியாத கெட்டியான டப்பாவில் போட்டு, சுகாதார நிலையத்தில் ஒப்படையுங்கள். முகாம் பள்ளிக்கூடத்தில் என்றால், கிளம்புமுன் தரையை இருவர் குனிந்து பார்க்கட்டும். திங்கட்கிழமை அங்கே பிள்ளைகள் உட்காருவார்கள்.