வாங்குமுன் கேளுங்கள்: எலீட் ஃபோர்ஸ் பெட்டிக்கு 650 ராண்ட் தரலாமா?

இந்த முறை வந்த கேள்விகளில் பாதி, இருபத்தைந்து ஆண்டு பழைய கணினி ஆட்டம் ஒன்றைப் பற்றியவை. டர்பன் பக்கம் நம் தென்னாப்பிரிக்கத் தமிழ் ஆட்களில், ஸ்டார் ட்ரெக் என்ற விண்வெளித் தொடருக்கு இத்தனை பிரியர்கள் இருப்பது எனக்குத் தெரியாமல் போயிற்று. பிரஷர் குக்கர் பற்றிக் கேட்டிருந்தவர்கள் அடுத்த முறை வரை பொறுத்துக்கொள்ளுங்கள்.

கேள்வி (சாட்ஸ்வொர்த்): அக்கா, பள்ளியில் படித்த காலத்தில் மாமா வீட்டுக் கணினியில் 'ஸ்டார் ட்ரெக் வாயேஜர்: எலீட் ஃபோர்ஸ்' விளையாடியிருக்கிறேன். இப்போது ஒருவர் அதை அட்டைப் பெட்டியோடு 650 ராண்டுக்கு விற்பதாக விளம்பரம் போட்டிருக்கிறார். "நன்றாக ஓடும், ஆனால் திருப்பி எடுக்க மாட்டேன்" என்கிறார். வாங்கலாமா?

பதில்: தம்பி, உங்களுக்கு வேண்டியது பெட்டியா, ஆட்டமா? அலமாரியில் வைத்து அழகு பார்க்கப் பெட்டி வேண்டும் என்றால் அதில் நான் தலையிட மாட்டேன். என் வீட்டில் ஓடாத வால்வு ரேடியோ ஒன்று இருக்கிறது. அதற்கு நான் கொடுத்த விலையைச் சொன்னால் சிரிப்பீர்கள். விளையாடத்தான் வேண்டும் என்றால் இந்த 650 ராண்டைக் கொடுக்காதீர்கள்.

ஏன் என்று சொல்ல, ஆட்டம் கடந்து வந்த பாதையைக் கொஞ்சம் சொல்ல வேண்டும். எலீட் ஃபோர்ஸ் 2000 செப்டம்பரில் வந்தது. செய்தது ரேவன் சாஃப்ட்வேர், வெளியிட்டது ஆக்டிவிஷன். அன்று எல்லோரும் வாய்பிளந்து பார்த்த குவேக் 3 என்ற ஆட்டத்தின் எஞ்சினை, அதாவது ஆட்டத்தை ஓட்டும் அடிப்படை நிரலை, வாங்கி அதன்மேல் கட்டினார்கள். வாயேஜர் தொடர் அப்போது தொலைக்காட்சியில் ஓடிக்கொண்டிருந்தது. 1995-இல் தொடங்கி 2001-இல் முடிந்த தொடர் அது. தொடரில் போலவே ஆட்டத்திலும் வாயேஜர் விண்கப்பல் வீட்டிலிருந்து வெகுதூரத்தில், டெல்டா குவாட்ரண்ட் என்ற விண்வெளிப் பகுதியில் இருக்கிறது. கப்பலின் பாதுகாப்பு அதிகாரி டுவோக் அமைத்த ஹசார்ட் டீம் என்ற அதிரடிக் குழுவில் நாம் மன்ரோ என்ற இளநிலை அதிகாரி. மன்ரோ ஆணா பெண்ணா என்பதைத் தொடக்கத்திலேயே நாம் தேர்ந்துகொள்ளலாம். எதிரிகளான போர்க்குகளை, அதாவது பாதி உயிர் பாதி இயந்திரமாக இருப்பவற்றை, ஒரே ஆயுதத்தால் சுட்டுக்கொண்டே இருந்தால் சில அடிக்குப் பிறகு அவை அதற்குப் பழகிவிடும். மழையில் எருமை நடப்பதுபோல நம்மை நோக்கி வந்துகொண்டே இருக்கும். அதைச் சமாளிக்கவே, முன்பு போர்க்காக இருந்து இப்போது கப்பலில் வேலை செய்யும் செவன் ஆஃப் நைன் ஐ-மாட் என்ற ஆயுதத்தைச் செய்து கொடுக்கிறாள். பெயரை மட்டும் ஒட்டி விற்ற தொலைக்காட்சி ஆட்டங்கள் மலிந்திருந்த காலத்தில், தொடரை உட்கார்ந்து பார்த்தவர்கள் செய்தது என்று தெரிந்த ஆட்டம் இது. நீங்கள் இன்னும் நினைவில் வைத்திருப்பதில் வியப்பில்லை.

அப்புறம் நடந்ததுதான் உங்கள் பணத்தோடு சம்பந்தப்பட்டது. 2003-இல் இரண்டாம் பாகம் வந்த கையோடு, ஸ்டார் ட்ரெக் உரிமையாளரான வயாகாம் மீது ஆக்டிவிஷன் வழக்குப் போட்டது. "பெயரை எங்களுக்கு விற்றுவிட்டு, படங்களையும் தொடர்களையும் வாடவிட்டீர்கள்" என்பது புகாரின் சாரம். உறவு முறிந்தது. ஆட்டங்கள் கடைகளிலிருந்து மறைந்தன. பதிவிறக்கமாகவும் நெடுங்காலம் கிடைக்கவில்லை. கிடைக்காத பொருளுக்கு விலை ஏறத்தானே செய்யும்? 2021 செப்டம்பரில் ஜிஓஜி என்ற இணையக் கடை எலீட் ஃபோர்ஸின் இரண்டு பாகங்களையும் வேறு சில ஸ்டார் ட்ரெக் ஆட்டங்களையும் விற்பனைக்குக் கொண்டுவந்தது. உங்கள் விற்பனையாளர் சொல்வது பஞ்ச காலத்து விலை என்றே எனக்குப் படுகிறது. ஜிஓஜியில் சாதாரண நாளிலேயே இதில் பாதிகூட ஆகாது. தள்ளுபடி நாளில் ரொட்டிக்குள் கறி நிரப்பிய ஒரு பன்னி சௌ விலைக்கு வரும்.

பெட்டிக்குள் இருக்கும் சிடி தட்டில் இன்னொரு தொல்லை. உங்கள் மடிக்கணினியில் தட்டுப் போடும் இடம் இருக்கிறதா என்று முதலில் பாருங்கள். இப்போது பெரும்பாலானவற்றில் இல்லை. வெளியே செருகும் டிரைவ் வாங்கினால் அது தனிச் செலவு. அக்காலத் தட்டுகள் பலவற்றில் இருந்த நகல் தடுப்புப் பூட்டை விண்டோஸ் 10 ஏற்றுக்கொள்வதே இல்லை. குவேக் 3 எஞ்சினில் செய்த பழைய ஆட்டங்களுக்கு வேறொரு நோயும் உண்டு: இன்றைய கிராபிக்ஸ் சிப், தனக்குத் தெரிந்த வித்தைகளின் பட்டியலை ஆட்டத்திடம் ஒப்பிக்கும்போது, பட்டியலின் நீளம் தாங்காமல் ஆட்டம் தொடக்கத்திலேயே விழுந்துவிடும். தீர்க்க வழி உண்டு. ஆனால் சனிக்கிழமை மாலையில் உட்கார்ந்து தீர்க்க உங்களுக்குப் பொறுமை உண்டா?

சட்டத்துக்கு வருவோம். கடையில் வாங்கிய பொருள் பழுதானால், 2008-ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி ஆறு மாதத்துக்குள் திருப்பிக் கொடுத்து, பழுது பார்த்துத் தா, மாற்றித் தா, பணத்தைத் தா என்று மூன்றில் ஒன்றைக் கேட்கலாம். எதைக் கேட்பது என்பது உங்கள் முடிவு, கடைக்காரரின் முடிவு அல்ல. வியாபாரம் தொழிலாக இல்லாத ஒருவர் தன் வீட்டுப் பழைய பொருளை விற்கும்போது இந்தச் சட்டம் வராது. அவர் சொன்ன "திருப்பி எடுக்க மாட்டேன்" என்பது கார் விற்பவர்கள் சொல்லும் ஃபூட்ஸ்டூட்ஸ் தான்: உள்ளது உள்ளபடி. தெரிந்தே ஒரு குறையை மறைத்திருந்தால் அந்தச் சொல் அவரைக் காப்பாற்றாது. ஆனால் தெரிந்தே மறைத்தார் என்பதை நிரூபிக்க வேண்டியவர் நீங்கள். 650 ராண்டுக்காகவா?

இவ்வளவு சொல்லியும் பெட்டிதான் வேண்டும் என்று மனசு அடம்பிடித்தால், பணம் அனுப்புமுன் நேரில் போய்ப் பாருங்கள். சாட்ஸ்வொர்த் பங்களாதேஷ் மார்க்கெட்டில் கத்திரிக்காயைக் காம்பு பார்க்காமல் எடுப்போமா? தட்டை வெளிச்சத்தில் சாய்த்துக் கீறல் பாருங்கள். நிறுவும்போது கேட்கும் எண் அச்சிட்ட சீட்டு உறையில் இருக்கிறதா என்று பாருங்கள். அது இல்லாத தட்டு சாவி இல்லாத பூட்டு. 2001-இல் தனியாக வந்த கூடுதல் தட்டும் சேர்த்தா, முதல் தட்டு மட்டுமா என்றும் கேளுங்கள். கப்பலின் தளங்களைச் சுற்றிப் பார்க்கும் பகுதி அதில்தான் இருக்கிறது. இரண்டும் நல்ல நிலையில் இருந்தால் விலையைப் பற்றி மறுபடி பேசலாம்.

கேள்வி (பீனிக்ஸ்): ஒரு மலிவு விலைத் தளத்தில் எலீட் ஃபோர்ஸ் இரண்டாம் பாகத்தின் 'கீ' (ஆட்டத்தைத் திறக்கும் குறியீட்டு எண்) வாங்கினேன். உள்ளிட்டால் ஏற்கெனவே பயன்படுத்தப்பட்டது என்கிறது. தளத்தில் முகவரி, தொலைபேசி எதுவுமே இல்லை. எழுதினால் பதிலும் இல்லை. என்ன செய்வது?

பதில்: முகவரி இல்லாத கடையில் வாங்கலாமா என்று திட்டத்தான் தோன்றுகிறது. ஆனால் நானும் ஒருமுறை அப்படி ஒரு தளத்தில் மிக்ஸி ஜாடிக்கு மூடி வாங்க முயன்று ஏமாந்தவள், எனவே வாயை மூடிக்கொள்கிறேன்.

இணையத்தில் விற்பவர் தன் முழுப் பெயர், இருப்பிட முகவரி, தொலைபேசி எண், வரி உள்பட முழு விலை, திருப்பிக் கொடுக்கும் விதி எல்லாவற்றையும் காட்ட வேண்டும் என்கிறது 2002-ஆம் ஆண்டின் மின்னணுத் தொடர்பு, பரிவர்த்தனைச் சட்டம். காட்டாவிட்டால் பொருள் கைக்கு வந்த 14 நாளுக்குள் நீங்கள் ரத்து செய்யலாம். ஏழு நாள் யோசிக்கும் அவகாசம் என்று பலர் சொல்வதும் இதே சட்டத்தில் உள்ளதுதான். ஆனால் முத்திரை உடைத்த மென்பொருளுக்கு அந்த ஏழு நாள் கிடையாது. 'கீ'யைச் சுரண்டிப் பார்த்தபின் அதை நம்பி வாதாட வேண்டாம். முகவரி காட்டாததையும், ஓடாத பொருளை விற்றதையும் பிடித்துக்கொள்ளுங்கள்.

சட்டம் நம் பக்கம் இருந்தாலும் ஆள் எந்த நாட்டில் இருக்கிறான் என்றே தெரியாதபோது சட்டத்தால் பாதிதான் ஆகும். எனவே இன்றே வங்கிக்குப் பேசுங்கள். கார்டில் கட்டியிருந்தால், பொருள் வரவில்லை என்று அந்தக் கட்டணத்தை மறுக்கலாம். அதற்குக் கால வரம்பு உண்டு. பிழைச் செய்தியின் படம், நீங்கள் எழுதிய கடிதம், விளம்பரப் பக்கத்தின் படம் மூன்றையும் எடுத்து வையுங்கள். நேரடிப் பணமாற்றம் செய்திருந்தால் நம்பிக்கை கொஞ்சம் குறைவு. விற்றவர் நம் நாட்டுக்காரர் என்று தெரியவந்தால் நுகர்வோர் பொருள், சேவை ஒம்புட் என்ற குறைதீர்ப்பு அலுவலகத்துக்கு எழுதலாம். அங்கே புகார் கொடுக்கக் காசு இல்லை.

இரண்டாம் பாகத்தை நேராக ஜிஓஜியில் வாங்கியிருந்தால் இந்தத் தலைவலியே இல்லை. வாங்கி 30 நாளுக்குள், விளையாடிப் பார்த்த பிறகும், பணத்தைத் திருப்பிக் கேட்கலாம். நிறுவும் கோப்பை ஒரு பென் டிரைவில் போட்டு வைத்தால் இணையம் இல்லாமலும் ஓடும். நாளை உரிமம் மறுபடி முறிந்து கடையிலிருந்து எடுத்துவிட்டாலும் உங்கள் பென் டிரைவில் இருப்பதை யாரும் வந்து அழிக்க மாட்டார்கள். ஆட்டமும் நல்ல ஆட்டம்தான்: ரிச்சுவல் என்ற வேறு நிறுவனம் செய்தது, எண்டர்பிரைஸ் கப்பலில் நடப்பது, கேப்டன் பிக்கார்டுக்குக் குரல், தொலைக்காட்சியில் அவராக நடித்த பாட்ரிக் ஸ்டூவர்ட்டே. ஆனால் மன்ரோவைப் பெண்ணாகத் தேர்ந்தெடுக்கும் வசதியை எடுத்துவிட்டார்கள். எனக்கு அதில் இன்னும் கோபம்.

கேள்வி (டொங்காட்): இந்த ஆட்டம் ஓட வேண்டுமானால் புது கிராபிக்ஸ் கார்டு போட வேண்டும் என்று கணினிக் கடையில் சொல்கிறார்கள். உண்மையா?

பதில்: இல்லை. 2000-ஆம் ஆண்டுக் கணினியில் ஓடிய ஆட்டம் அது. உங்கள் கணினியோடு வந்த சாதாரண சிப்பே போதும். கடையை மாற்றுங்கள்.

கேள்வி (லெனேசியா): என் மகனுக்குப் பதினொரு வயது. அப்பா விளையாடிய ஆட்டம் தனக்கும் வேண்டும் என்கிறான். துப்பாக்கி ஆட்டம் என்பதால் தயங்குகிறேன். பெட்டியில் ஏதோ எண் இருக்குமாமே?

பதில்: ஆமாம் அம்மா. நம் நாட்டில் படங்களுக்கும் ஆட்டங்களுக்கும் வயது வரம்பு சொல்வது ஃபிலிம் அண்ட் பப்ளிகேஷன் போர்டு. 13, 16, 18 போன்ற எண்ணும், பக்கத்தில் வன்முறைக்கு வி, கெட்ட பேச்சுக்கு எல் போன்ற எழுத்தும் இருக்கும். எழுத்தைப் படிக்காமல் எண்ணை மட்டும் பார்ப்பவர்கள்தான் அதிகம். இறக்குமதிப் பெட்டிகளில் அமெரிக்க, ஐரோப்பிய முத்திரைகள் இருக்கும். அவர்கள் கணக்கு வேறு.

முத்திரையைவிட நீங்கள் அவனோடு ஒரு மணி நேரம் உட்கார்வது மேல். சுடுவது பெரும்பாலும் கதிர் ஆயுதங்களால். சில ஆயுதங்களில் எதிரி ஒளியாகிக் கரைந்துபோவான். எனக்குத் துப்பாக்கியைவிடக் கலக்கம் தருவது போர்க்குகள்தான். இருட்டான உலோகத் தாழ்வாரம், பேசாமல் நடந்து வரும் பாதி மனித உருவங்கள், கூட வந்த ஒருவரைப் பிடித்துத் தங்களில் ஒருவராக மாற்றிவிடும் காட்சி. சில பிள்ளைகள் சிரிப்பார்கள். சில பிள்ளைகள் இரவில் விளக்கை அணைக்க விடமாட்டார்கள். உங்கள் பிள்ளை எந்த ரகம் என்பது உங்களுக்குத் தெரியும். முதலில் தொடரில் போர்க் வரும் ஒரு பகுதியைப் போட்டுக் காட்டிப் பாருங்கள்.

கேள்வி (பீட்டர்மாரிட்ஸ்பர்க்): அமெரிக்காவில் இருக்கும் சித்தி பையன் இந்த ஆட்டத்தின் பிளேஸ்டேஷன் 2 தட்டு ஒன்று அனுப்புகிறேன் என்கிறான். எங்களிடம் இருப்பது பிளேஸ்டேஷன் 5. போடலாமா?

பதில்: போட்டாலும் ஓடாது. பிளேஸ்டேஷன் 4-ம் 5-ம் அந்தத் தட்டைப் படிக்காது. பரணில் பழைய பிளேஸ்டேஷன் 2 கிடந்தாலும் பயனில்லை: இங்கே விற்றவை பால் (PAL) என்ற தொலைக்காட்சி முறைக்கானவை, அமெரிக்கத் தட்டு என்டிஎஸ்சி (NTSC) என்ற வேறு முறைக்கானது. தபால் செலவுக்குப் பதிலாக உங்களுக்குப் பிடித்த மிட்டாயை அனுப்பச் சொல்லுங்கள்.