லேபிளில் 10,000 என்று இருந்தும் உள்ளே ஏன் நனைகிறது?

வெள்ளவத்தையிலிருந்து ஒரு வாசகி கேட்கிறார்: "10,000 மில்லிமீற்றர், 10,000 கிராம் என்று லேபிள் போட்ட மழை ஜாக்கெட் வாங்கி, காலிமுகத்திடலில் ஒரு மணிநேரம் நடந்தேன். மழையே இல்லை, ஆனால் உள்ளே சட்டையைப் பிழியலாம். ஏமாந்துவிட்டேனா? சிவனொளிபாதமலைக்கு இதைக் கொண்டுபோகலாமா?"

தாராளமாகக் கொண்டுபோங்கள்.

முதல் எண், தண்ணீர் உள்ளே வராமல் தடுப்பது பற்றியது. துணியின்மேல் நீரழுத்தத்தைக் கூட்டிக்கொண்டே போய், மறுபக்கம் மூன்றாவது இடத்தில் துளி எட்டிப்பார்க்கும்போது நிறுத்துவார்கள். 10,000 என்றால் பத்து மீற்றர் உயரத் தண்ணீரைத் தாங்கியிருக்கிறது. மழைக்கு அது போதும். தையல் இந்தக் கணக்கில் சேராது, அதனால் உள்பக்கத் தையல்மேல் பட்டி ஒட்டியிருக்கிறதா என்று விரலால் தடவிப் பாருங்கள்.

சிக்கல் இரண்டாவது எண்ணில்தான். ஒரு சதுர மீற்றர் துணி வழியே 24 மணிநேரத்தில் எத்தனை கிராம் நீராவி போகிறது என்பது அது. தண்ணீர்க் கிண்ணத்தை நிமிர்த்தி வைத்து அளந்தால் ஒரு எண், கவிழ்த்து அளந்தால் அதைவிட மிகப் பெரிய எண். எந்த முறை என்று எழுதாத எண்ணை நான் நம்புவதில்லை.

அப்புறம் நம் ஊர்க் காற்று. உள்ளே நீராவி அழுத்தம் கூடவும் வெளியே குறைவாகவும் இருந்தால்தான் வியர்வை ஆவியாகி வெளியேறும். 35 பாகையில் வியர்த்திருக்கும் தோலில் அந்த அழுத்தம் சுமார் 5.6 கிலோபாஸ்கல்; கொழும்பில் 30 பாகை, 80 வீத ஈரப்பதன் என்றால் வெளியே 3.4. மலையில் இரவு 10 பாகையாக இருந்தால், அதே ஈரப்பதனிலும் வெளியே 1 தான். அதே ஜாக்கெட், ஆனால் ஆவியைத் தள்ளும் விசை, அதாவது உள்ளுக்கும் வெளிக்கும் உள்ள அழுத்த வித்தியாசம், அங்கே இரண்டு மடங்கு.

வீட்டிலேயே பார்க்கலாம். ஒரே அளவான இரண்டு அகலக் கிண்ணங்களில் சம அளவு தண்ணீர் விட்டு, ஒன்றின் வாயில் ஜாக்கெட்டின் முதுகுப் பக்கத்தை ஒற்றை அடுக்காகவும், மற்றதில் பருத்தித் துணியையும் இறுக்கிக் கட்டி, ஒரு நாள் முழுக்க அருகருகே வையுங்கள். பிறகு துணியை எடுத்துவிட்டுக் கிண்ணங்களைச் சமையலறைத் தராசில் நிறுத்துப் பாருங்கள். பருத்தியில் குறைந்ததில் பாதியாவது ஜாக்கெட்டில் குறைந்திருந்தால் எனக்குத் திருப்தி.

ஜாக்கெட்டின் கைப்பகுதியில் நாலு துளி தண்ணீரும் தெளியுங்கள். முத்தாக உருண்டால் சரி. பரவி ஊறினால் மேற்பூச்சு தேய்ந்துவிட்டது, துணியின் வெளிப்பக்கம் நனைந்ததும் ஆவி போவதும் அடங்கிவிடும்.

மலை ஏறும்போது மழை இல்லையென்றால் ஜாக்கெட்டைப் பையிலேயே வைத்திருங்கள். உச்சியில் சூரிய உதயத்துக்குக் காத்து நிற்கும்போது போடுங்கள்.