பதில்: ரோந்தைக் கூட்டியும் குறையாத பைக் திருட்டு

வணக்கம் சார். ஒரே வண்டி நிறுத்தத்தில் தொடர்ந்து பைக் திருட்டு, ரோந்தைக் கூட்டியும் பலனில்லை, வாராந்திரக் கூட்டத்தில் மேலதிகாரி கைது எண்ணிக்கையை மட்டும் கேட்கிறார் என்று எழுதியிருந்தீர்கள்.

ரோந்தைக் கொஞ்சம் தள்ளி வைத்துவிட்டுப் பழைய புகார்களை எடுங்கள். திருடு போன நேரம் யாருக்கும் சரியாகத் தெரியாது. அதனால் வண்டியை விட்ட நேரம், காணோம் என்று பார்த்த நேரம் இரண்டையும் தனித்தனியாகக் குறியுங்கள். பல புகார்களில் ஒன்றுதான் இருக்கும். போன் போட்டுக் கேட்கத்தான் வேண்டும் (அலுப்பான வேலை, ஆனால் விஷயமே இங்கேதான்). அப்புறம் எந்த வரிசை, எந்த மாடல், பூட்டு உடைந்ததா என்று பாருங்கள். கடைசி வரிசை காவலாளியின் கண்ணில் படவில்லை என்றால், டோக்கன் பார்க்காமல் வண்டியை வெளியே விடாத ஏற்பாடு பத்து கைதுகளைவிட உதவலாம். அது நிறுத்தத்தை நடத்துபவரின் பொறுப்பு. எழுத்தில் கேளுங்கள், பதிலையும் எழுத்தில் வாங்குங்கள்.

தனித்தனிச் சம்பவங்களுக்கு ஓடிக்கொண்டே இருக்காமல் பின்னால் உள்ள பிரச்சினையைப் பிடிக்கச் சொல்லி காவல் பணியை ஆராய்ந்த அமெரிக்கப் பேராசிரியர் ஹெர்மன் கோல்ட்ஸ்டைன் 1979இலேயே எழுதிவிட்டார்.

கூட்டத்தைப் பொறுத்தவரை, எண் கேட்பது தப்பில்லை; 1994இல் நியூயார்க் காவல்துறை தொடங்கிய காம்ஸ்டாட்டும் (குற்றக் கணக்கை வைத்துக் கூட்டத்தில் அதிகாரிகளிடம் கேள்வி கேட்கும் முறை) எண்ணை வைத்துத்தான் நடந்தது. எண்ணை மட்டுமே கேட்டால் புகாரைப் பதியாமல் குறைத்துக் காட்டும் ஆசை வரும். கைதுக் கணக்கோடு, மாற்றத்துக்கு முன்னும் பின்னும் நடந்த திருட்டுகளையும் பக்கத்து நிறுத்தங்களின் கணக்கையும் சேர்த்தே வையுங்கள். திருட்டு இடம் மாறிவிட்டதா என்பதுதான் மேலதிகாரி அடுத்துக் கேட்கப்போகும் கேள்வி.