சோம்பல் என்ற சொல் – கடிதமும் பதிலும்

அன்புள்ள ஆசிரியருக்கு,

அமெரிக்க இயக்குநரும் புகைப்படக்காரருமான ஜாக் ஸ்மித்தின் 'ஃப்ளேமிங் க்ரீச்சர்ஸ்' படம் பார்த்தேன். முப்பது வயதுக்குள் இப்படி ஒரு படத்தை எடுத்தவர், 1989இல் சாகும்வரை வேறெதையும் முழுசாக முடித்துத் தரவில்லை என்று படித்ததும் கோபம் வந்தது. சோம்பலால் வீணாய்ப்போன மேதையா அவர்? அந்தப் படம் ஆபாசம்தானா? அவருடைய புகைப்படங்களை எங்கிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

அன்புள்ள நண்பருக்கு,

1962இல் வந்த 'தி பியூட்டிஃபுல் புக்' என்ற சிறு நூலில் தொடங்குங்கள். 19 கறுப்பு வெள்ளைப் படங்கள். நெகட்டிவ் அளவிலேயே பிரிண்ட் போட்டுக் கையால் ஒட்டியவை.

ஆபாசமா என்ற கேள்வியை விடுங்கள். 1964இல் நியூயார்க் போலீஸ் அந்தப் படத்தின் பிரதியைப் பறிமுதல் செய்தது, திரையிட்டவர்கள் மீது வழக்குப் போட்டது. அதைப் பேசிப் பேசியே படத்தை மறந்துவிட்டோம். முதலில் பார்த்தவர்கள் கடைசிவரை சிரித்துக்கொண்டே பார்த்தார்கள், ஆபாசப் பேச்சு கிளம்பியபின் அது போய்விட்டது என்று ஸ்மித்தே பிற்பாடு ஒரு பேட்டியில் ஆதங்கப்பட்டிருக்கிறார்.

ஆனால் சோம்பல் என்று எழுத உங்களுக்கு எப்படி மனசு வந்தது? நியூயார்க்கின் லோயர் ஈஸ்ட் சைடில் ஒரு தியேட்டரின் மொட்டைமாடியில், கோடை வெயிலில், காலாவதியான ஃபிலிமை வைத்துக்கொண்டு வாரக் கடைசிகளில் அந்தப் படத்தைப் பிடித்தவர் அவர். சோம்பேறி செய்கிற காரியமா அது?

எழுபதுகளில் நியூயார்க்கின் சோஹோ பகுதியில் தன் வீட்டிலேயே நள்ளிரவில் நிகழ்ச்சி நடத்தினார். புரொஜெக்டர் ஓடிக்கொண்டிருக்கும். ஓடி முடிந்த பகுதியைச் சுருளிலிருந்து உருவி, வெட்டி, இடம் மாற்றி ஒட்டுவார். இசைத்தட்டையும் அவரே மாற்றுவார். இன்று பார்த்த படம் நாளைக்கு இருக்காது. ஃபிலிம் ஒட்டுவதற்கென்றே கண்ணாடி மாதிரி ஒரு டேப் உண்டு. அவர் ஒட்டியது, பெயிண்டர்கள் சுவரோரத்தில் ஒட்டுகிற காகித மாஸ்கிங் டேப். பிய்த்து எடுப்பதற்கென்றே இருக்கிற டேப் அது. அடுத்த நாள் பிய்க்கப்போகிறோம் என்று தெரிந்தே ஒட்டியிருக்கிறார் என்றுதான் நினைக்கிறேன். முடித்துக் கொடுத்த ஒரு படம் கைவிட்டுப் போய், கோர்ட்டுக்கும் விமர்சகர்களுக்கும் சொந்தமாகிவிட்டது. அதற்கப்புறம் எதையும் முடித்துக் கொடுக்க அவர் தயாராக இல்லை.

இது எனக்கு நெருக்கமான விஷயம், அதனால்தான் கோபம். என் முதல் தொகுப்பில் ஒரு கதை. அதன் கடைசிப் பத்தியை என் பிரதியில் பல வருடங்களாகப் பேனாவால் திருத்திக்கொண்டிருக்கிறேன். நீல மையின் மேல் கறுப்பு மை, ஓரத்தில் இடமில்லாமல் ஒட்டிய துண்டுத்தாள். இரண்டாம் பதிப்பு வந்தபோது பதிப்பாளரிடம் கேட்டேன். அச்சானது அச்சானதுதான் என்றார். வாயை மூடிக்கொண்டு வந்துவிட்டேன். ஒரு கூட்டத்தில் திருத்திய வடிவத்தை வாசித்தபோது, புத்தகத்தைக் கையில் வைத்திருந்த ஒரு பெண் எழுந்து, "இதில் அப்படி இல்லையே ஐயா" என்றார். தப்பு செய்து மாட்டிக்கொண்டவனைப் போல நின்றேன். ஸ்மித்தைப் பற்றித் தெரிந்த பிறகுதான் அந்தக் கூச்சம் போனது. முடித்ததைத்தான் வேலை என்று எண்ணுவோம் என்றால், ராத்திரி முழுக்கக் கத்திரியோடு உட்கார்ந்திருந்த மனிதனை எந்தக் கணக்கில் வைப்பது? நீங்களும் எழுதுகிறவர்தானே, இது உங்களுக்குத் தெரியாதா?

திட்டிவிட்டேன், மனதில் வைத்துக்கொள்ளாதீர்கள். ஸ்மித் போனபின் அந்தச் சுருள்களைச் சீரமைத்தவர் ஜெரி டார்டாக்லியா. ஸ்மித்தின் 'நார்மல் லவ்' இன்று பார்க்கக் கிடைக்கிறதென்றால் டார்டாக்லியாவின் உழைப்பு. வண்ணப்படம். பார்த்துவிட்டு எழுதுங்கள்.

அன்புடன்.