ஹெரால்டு ஆக விரும்பும் மகள்: கிளாஸ்கோவில் வாழும் ஒரு தந்தைக்குப் பதில்

அன்புள்ள ஐயா,

உங்கள் மகள் மருத்துவம், பொறியியல், கணக்கியல் என்று நீங்கள் எதிர்பார்த்த எதையும் சொல்லாமல், ஸ்காட்லாந்தில் கேடயச் சின்னங்களை வழங்கிக் காக்கும் தலைமை அதிகாரியான லார்டு லயனின் எடின்பரோ அலுவலகத்தில், அவருக்குக் கீழ் ஹெரால்டு எனும் அதிகாரியாகப் பணியாற்ற வேண்டும் என்று பிடிவாதமாக இருப்பதாக எழுதியிருந்தீர்கள். 'ஊர்வலத்தில் வண்ண உடுப்பு அணிந்து நடப்பதற்காகவா இவ்வளவு பாடுபட்டு இந்த நாட்டில் வந்து குடியேறினோம்?' என்று கடைசியில் நீங்கள் கேட்டிருந்த வரியைப் பலமுறை படித்தேன். அந்தக் கேள்வியில் இருக்கும் வலி எனக்குப் புரிகிறது. அதற்கு முழுமையாக விடை சொல்ல வேண்டும் என்பதால் இக்கடிதம் சற்று நீளும்.

உங்களுக்கு மிகவும் கவலை தரும் ஊதியத்திலிருந்தே தொடங்குகிறேன். ஸ்காட்லாந்தில் ஒரு ஹெரால்டுக்கு அரசு தரும் ஊதியம் ஆண்டுக்கு 25 பவுண்டு. ஆண்டுக்கு என்றுதான் சொல்கிறேன், வாரத்துக்கு அன்று. அவருக்கு அடுத்த நிலையில் இருக்கும் பர்சிவன்ட் எனும் அதிகாரிக்கு 16 பவுண்டு 67 பென்ஸ். 1867ஆம் ஆண்டுச் சட்டம் நிர்ணயித்த தொகை இன்றும் அப்படியே இருக்கிறது. அதே சட்டம்தான் ஆறு ஹெரால்டுகள், ஆறு பர்சிவன்ட்கள் என்றிருந்த எண்ணிக்கையை மூன்று, மூன்று என்று குறைத்தது. லார்டு லயனும், பதிவேடுகளைக் காக்கும் லயன் கிளார்க்கும், அலுவலகத்தின் ஒரு சில ஊழியர்களுமே அந்த வேலையை நம்பி வாழக்கூடியவர்கள். ஆகவே ஹெரால்டு பதவியை மட்டும் நம்பி ஒரு பெண் தன் வாழ்க்கையை அமைத்துக்கொள்ள முடியாது. இதை உங்கள் மகளிடமும் ஒளிக்காமல் சொல்லிவிடுங்கள். ஆனால் இதைக் கேட்ட மாத்திரத்தில், 'பார்த்தாயா, நான் சொன்னது சரிதானே' என்று பேச்சை முடித்துவிட வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். இந்தத் தொகை எதைக் காட்டுகிறது என்றால், ஹெரால்டு என்பது வேறொரு தொழிலில் நன்றாகக் காலூன்றியவர்கள் நடுவயதில் வந்து சேரும் பொறுப்பு என்பதைத்தான். உங்கள் மகளுக்கு இப்போது வேண்டியது அந்த வேறொரு தொழிலைத் தேர்ந்தெடுக்கும் வழிகாட்டலே.

அதற்கு முன் அந்த அலுவலகத்தில் உண்மையில் என்ன நடக்கிறது என்பதை நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும். தொலைக்காட்சியில் நீங்கள் பார்த்திருக்கக்கூடியது 2022 செப்டம்பர் 11 அன்று எடின்பரோவின் பழைய சந்தைச் சதுக்க நினைவுச்சின்னமான மெர்காட் சிலுவை மேடையில் நின்று லார்டு லயன் ஜோசப் மாரோ, மூன்றாம் சார்லஸ் அரசரானதை அறிவித்த காட்சியாக இருக்கலாம். அரச சின்னம் பின்னப்பட்ட டாபர்டு எனும் கனமான மேலங்கியுடன் ஹெரால்டுகளும் பர்சிவன்ட்களும் அருகில் நின்றார்கள். ஆனால் அப்படிப்பட்ட நாட்கள் ஓர் ஆண்டில் சிலவே. மற்ற நாட்களில் லார்டு லயன் ஒரு நீதிபதி. ஆம், அவருடைய அலுவலகம் இன்றும் இயங்கிவரும் ஒரு நீதிமன்றம். அதற்கென்று தனி அரசு வழக்குரைஞர் உண்டு. ஸ்காட்லாந்தில் பதிவு பெறாத கேடயச் சின்னத்தை ஒருவரோ ஒரு நிறுவனமோ பயன்படுத்தினால் அது சட்ட மீறல். 2015இல் ஏர் யுனைடெட் கால்பந்துக் கழகத்தின் சின்னம் இந்தச் சட்டத்தில் சிக்கியதை, கால்பந்து பார்க்கும் எவரும் உங்களுக்குச் சொல்வார்கள். டொனால்ட் டிரம்ப்பின் ஸ்காட்லாந்து கோல்ஃப் நிறுவனமும் முதலில் அனுமதியில்லாத சின்னத்தைப் பயன்படுத்தி, பின்னர் 2012இல் லார்டு லயனிடம் முறையாக ஒரு சின்னம் பெற்றுத்தான் தொடர்ந்தது. அதிகாரமும் பணமும் உள்ளவரும் வந்து மனுப் போட வேண்டிய இடம் அது என்பதை இதிலிருந்து அறியலாம்.

உங்கள் கடிதத்தில் 'குலச்சின்னம்' என்ற சொல்லைப் பயன்படுத்தியிருந்தீர்கள். பலரும் அப்படித்தான் எண்ணுகிறார்கள். கடைகளில் குடும்பப் பெயருக்கு ஒரு சின்னம் என்று அச்சிட்டு விற்பதால் வந்த மயக்கம் இது. ஸ்காட்லாந்துச் சட்டப்படி ஒரு சின்னம் ஒரு காலத்தில் ஒரே ஒருவருக்குத்தான் உரியது. அவருக்குப் பின் அதை மாற்றமின்றிப் பெறுபவர் வாரிசு மட்டுமே. இளைய மகனுக்கு வேண்டுமென்றால் அவர் மனுப் போட்டு, கேடயத்தைச் சுற்றி ஒரு கரை சேர்ப்பது போன்ற ஒரு வேறுபாட்டுடன் தம் பெயரில் பதிவு செய்துகொள்ள வேண்டும். சொத்துரிமைச் சட்டத்தின் ஒரு கிளையாகவே இதை நான் பார்க்கிறேன். ஆகவே உங்கள் மகள் விரும்புவது பொம்மை விளையாட்டு போன்றது என்ற எண்ணத்தைத் தயவுசெய்து விட்டுவிடுங்கள்.

ஒரு மனு எப்படி நகர்கிறது என்று பாருங்கள். ஒருவர் தமக்கு ஒரு சின்னம் வேண்டும் என்றோ, தம் முன்னோரின் சின்னத்துக்குத் தாமே வாரிசு என்றோ லார்டு லயனுக்கு மனு எழுதுகிறார். வாரிசு என்பவர் தலைமுறை தலைமுறையாகப் பிறப்பு, திருமண, இறப்புச் சான்றுகளால் அதை மெய்ப்பிக்க வேண்டும். ஸ்காட்லாந்தில் அரசின் பிறப்பு இறப்புப் பதிவு 1855இல்தான் தொடங்கியது. அதற்கு முந்தைய காலத்துக்குத் திருச்சபைப் பதிவேடுகளையும் உயில்களையும் நிலப் பத்திரங்களையும் தேடிப் படிக்க வேண்டும். இந்த இடத்தில்தான் ஹெரால்டு மனுதாரருக்குத் துணையாக வருகிறார். லயன் நீதிமன்றத்தில் ஒருவருக்காக வாதாடும் உரிமை ஹெரால்டுகளுக்கு உண்டு, அதற்குக் கட்டணமும் பெறலாம். சின்னம் முடிவானதும் ஓவியர் அதைப் பதப்படுத்திய தோலில் வண்ணமும் பொன்னும் இட்டு வரைகிறார், முத்திரை சேர்க்கப்பட்டு உரிமைப் பட்டயம் மனுதாரரிடம் போகிறது. அதே சின்னம் பொதுப் பதிவேட்டிலும் வண்ணத்தில் வரையப்படுகிறது. அந்தப் பதிவேடு 1672ஆம் ஆண்டுச் சட்டத்தால் உருவானது. சின்னத்துக்காக மனுதாரர் நீதிமன்றத்தில் கட்டும் கட்டணம் அதிகாரிகளின் பைக்குப் போவதில்லை, அரசுக் கருவூலத்துக்குப் போகிறது.

பழைய ஆவணங்களைப் படிப்பது எவ்வளவு கடினம் என்று எண்ணிப் பார்க்காமல் இந்தத் துறைக்கு வருபவர்கள் ஏமாந்துபோகிறார்கள். 16, 17ஆம் நூற்றாண்டுக் கையெழுத்தில் 'சி' என்ற எழுத்து இன்றைய 'ஆர்' போலத் தோன்றும், 'எச்' வரிக்குக் கீழே வால் நீட்டி நிற்கும். ஆங்கிலத்தில் 'எது' என்ற பொருளில் நாம் 'விச்' என்று சொல்லும் சொல்லை அக்கால ஸ்காட்ஸ் மொழியில் 'கியூ' எழுத்தில் தொடங்கி எழுதியிருப்பார்கள். ககர, யகர ஒலிகளுக்கு 'யோக்' என்று ஒரு எழுத்து இருந்தது, அச்சகத்தாரிடம் அந்த எழுத்து இல்லாததால் அவர்கள் 'இசட்' அச்சைப் போட்டார்கள். இன்றும் மென்சீஸ் என்று எழுத்துக்கூட்டும் பெயரை ஊரார் மிங்கிஸ் என்று ஒலிப்பதற்கு அதுவே காரணம். 'ழ'கரத்தை ஆங்கிலத்தில் எப்படி எழுதினாலும் பிறர் வேறு விதமாகப் படிக்கக் கேட்டு வளர்ந்த உங்கள் வீட்டுப் பிள்ளைக்கு இது எளிதில் புரியும் என்று நினைக்கிறேன். ஒரு பக்கத்தைப் படிக்க ஒரு மாலைப்பொழுது போனாலும் சலிக்காமல் உட்காருகிறாளா என்று பாருங்கள். அவளுடைய ஆர்வம் உடுப்பின் மேலா, தொழிலின் மேலா என்பதை அதில் கண்டுகொள்ளலாம்.

இன்னொரு சோதனையும் உண்டு. சின்னத்தைப் படமாகக் காட்டாமல் சொற்களில் விவரிக்கும் முறை ஒன்று இருக்கிறது. 'அசூர், எ சால்டயர் ஆர்ஜென்ட்' என்றால் நீல நிலத்தில் வெள்ளிநிறக் குறுக்குச் சிலுவை, அதாவது ஸ்காட்லாந்துக் கொடி. உலோகம் எனப்படும் பொன், வெள்ளி நிறங்களில் ஒன்றன்மேல் ஒன்றும், மற்ற வண்ணங்களில் ஒன்றன்மேல் ஒன்றும் வரக்கூடாது என்பது அடிப்படை விதி, தூரத்திலிருந்து பார்த்தால் தெளிவாகத் தெரிய வேண்டும் என்பதே அதன் நோக்கம். கிளாஸ்கோ நகரின் சின்னம் உங்களுக்குப் பழக்கமானதுதான்: மரம், அதில் பறவை, மணி, வாயில் மோதிரம் கவ்விய மீன். 1866இல் லார்டு லயன் அதை நகருக்கு வழங்கினார். அச்சின்னத்தைப் பார்த்து அதன் விவரிப்பை எழுதச் சொல்லுங்கள், பிறகு தெரியாத ஒரு விவரிப்பைக் கொடுத்து வரையச் சொல்லுங்கள். இரண்டையும் மகிழ்ச்சியோடு செய்பவள் என்றால் அவளைத் தடுப்பது நியாயமன்று என்பது என் கருத்து.

இனி, எந்தத் தொழிலை அடித்தளமாக வைப்பது என்ற கேள்வி. என் முதல் பரிந்துரை சட்டம். ராபின் பிளேர், டேவிட் செல்லர், ஜோசப் மாரோ என 2001 முதல் லார்டு லயனாக இருந்த மூவரும் சட்டத்துறையிலிருந்து வந்தவர்கள். இவர்களில் டேவிட் செல்லரின் வாழ்க்கையை உங்கள் மகள் கவனித்துப் படிக்க வேண்டும். 1941இல் பிறந்த அவர் எடின்பரோ பல்கலைக்கழகத்தில் சட்டமும் சட்ட வரலாறும் கற்பித்தார். 40 வயதைக் கடந்த பிறகு 1984இல் 'பியூட்' என்ற பட்டப்பெயருடைய பர்சிவன்ட் ஆனார். லார்டு லயன் ஆனது 2008இல். நெடுங்காலம் அவருடைய வீட்டில் அடுப்பெரிந்தது ஆசிரியர் ஊதியத்தால். சட்டம் படித்தால், இந்த ஆசை நிறைவேறாமல் போனாலும் ஸ்காட்லாந்தில் வழக்கறிஞராகக் கௌரவமாக வாழலாம். இது உங்களுக்கும் நிம்மதி தரும் வழி.

ஆனால் சட்டம் பிடிக்காத பிள்ளையைச் சட்டத்தில் சேர்த்துவிடாதீர்கள். பழைய ஏடுகளே அவளுக்கு இன்பம் என்றால் வரலாறு படித்து, பின்னர் ஆவணக் காப்பகப் படிப்பில் முதுகலை செய்வது நல்லது. கிளாஸ்கோ, டண்டீ ஆகிய இரு பல்கலைக்கழகங்களிலும் அப்படிப்புகள் உண்டு. நகராட்சிகள், பல்கலைக்கழகங்கள், ஸ்காட்லாந்து தேசிய ஆவணக் காப்பகம் எனக் காப்பாளர்களை வேலைக்கு அமர்த்தும் இடங்கள் இருக்கின்றன. பெரும் பணம் இல்லை, ஆனால் ஓய்வூதியத்தோடு கூடிய நிலையான பணிகள் அவை. ஓவியம் கைவந்தவளாக இருந்தால் அதுவும் ஒரு வழியே. லயன் அலுவலகத்தின் சின்ன ஓவியராகப் பணியாற்றிய இவோன் ஹால்டன், 'டிங்வால்' என்ற பட்டப்பெயருடைய பர்சிவன்ட் ஆனார். எனினும் கலையை மட்டும் நம்பி வாழ்வது கடினம் என்பதால், அவ்வழியை உங்களுக்கு முதலாவதாகச் சொல்ல என் மனம் ஒப்பவில்லை. எந்த வழியில் போனாலும், கிளாஸ்கோவிலேயே உள்ள ஸ்ட்ராத்கிளைட் பல்கலைக்கழகம் வம்சாவளி, தொல்லெழுத்து, சின்னவியல் மூன்றையும் சேர்த்துப் பட்டமேற்படிப்பாக இணையவழியில் கற்பிக்கிறது. வேலை பார்த்துக்கொண்டே பகுதிநேரமாகப் படிக்கலாம். ஆகவே இளங்கலையிலேயே இந்தத் துறையைத் தேடி அலைய வேண்டியதில்லை.

நீங்கள் நேரடியாகக் கேட்காமல் கேட்ட ஒரு கேள்வியும் உண்டு: இங்கே நமக்கு இடம் இருக்கிறதா என்பது. உண்மையைச் சொல்லிவிடுகிறேன். நெடுங்காலம் இது பழைய நிலக்கிழார் குடும்பங்களைச் சுற்றியே சுழன்ற உலகம். 1945 முதல் 1969 வரை லார்டு லயனாக இருந்த தாமஸ் இன்னஸின் மகன் மால்கம் இன்னஸும் 1981 முதல் 2001 வரை அதே பதவியில் இருந்தார். ஹெரால்டுகளை நியமிப்பவர் லார்டு லயனே என்பதால், விண்ணப்பம் போட்டுத் தேர்வெழுதிச் சேரும் வேலையும் அன்று. துறையில் உழைத்து, எழுதி, பலருக்கு உதவி, பெயர் பெற்றால் ஒரு நாள் அழைப்பு வரலாம், வராமலும் போகலாம். ஆனால் 1672ஆம் ஆண்டுச் சட்டத்தில், சின்னம் வழங்கப்படத் தக்கவர் 'நல்லொழுக்கமும் தகுதியும் உடையவர்' என்றே சொல்லப்பட்டிருக்கிறது. ஸ்காட்லாந்தைத் தம் நிலையான இருப்பிடமாகக் கொண்டவர் எவரும் மனுச் செய்யலாம். அந்தப் பதிவேட்டில் பெயர் ஏற உங்கள் குடும்பத்துக்கு உள்ள உரிமை, அங்கே பல தலைமுறையாக வாழும் எவருடைய உரிமைக்கும் குறைந்ததன்று. உங்கள் மகள் எந்தச் சட்டத்தைக் கற்க விரும்புகிறாளோ அந்தச் சட்டமே இதைச் சொல்கிறது.

அவள் இப்போது உயர்நிலைப் பள்ளியில் நான்காம் ஆண்டில் இருப்பதாக எழுதியிருந்தீர்கள். அடுத்த ஆண்டு எழுதும் ஹையர் எனும் பள்ளி மேல்நிலைத் தேர்வுக்கான பாடங்களில் ஆங்கிலமும் வரலாறும் கட்டாயம் இருக்கட்டும், பள்ளியில் லத்தீன் கற்பிக்கப்பட்டால் அதை விடவே வேண்டாம், இல்லையென்றால் பிரெஞ்சு எடுக்கட்டும். சின்னவியலின் கலைச்சொற்கள் பெரும்பாலும் பழைய பிரெஞ்சிலிருந்து வந்தவை. கணிதத்தையும் கைவிட வேண்டாம், மனம் மாறினால் மற்ற கதவுகள் திறந்திருக்க அது உதவும். ஆறாம் ஆண்டில் அதற்கும் மேல்நிலையான அட்வான்ஸ்டு ஹையர் வரலாறு எடுத்தால் ஒரு நீண்ட ஆய்வுக் கட்டுரை எழுத வேண்டியிருக்கும், அதற்கு இத்துறையிலிருந்தே தலைப்பு கிடைக்குமா என்று ஆசிரியரைக் கேட்கலாம். 1977இல் தொடங்கப்பட்ட ஸ்காட்லாந்து சின்னவியல் சங்கத்தின் கூட்டத்துக்கு ஒருமுறை நீங்களே அவளை அழைத்துச் செல்லுங்கள். நகர ஆவணக் காப்பகம் இருக்கும் மிட்செல் நூலகத்துக்கும் ஒருநாள் போய், உங்கள் தெருவின் பழைய பத்திரம் ஒன்றைக் கேட்டு இருவரும் சேர்ந்து படிக்க முயன்று பாருங்கள். பாடத் தேர்வுப் படிவத்தைப் பள்ளிக்குத் திருப்பித் தருவதற்கு ஒரு வாரம் முன்பாக எனக்கு அனுப்பினால், அவளோடும் பேசிவிட்டு என் கருத்தை எழுதுகிறேன்.