கேமராமேன் ‘முடியாது’ என்றபோது

கேள்வி: படம் என்றால் அது இயக்குநருடையது என்கிறார்கள். அப்படியானால் ஒளிப்பதிவாளர், கலை இயக்குநர் எல்லாம் சொன்னதைச் செய்து கொடுப்பவர்கள்தானா?
- ஒரு வாசகர், கும்பகோணம்

பதில்: இல்லவே இல்லை. சத்யஜித் ராயின் ‘அபராஜிதோ’வையே எடுத்துக்கொள்ளுங்கள், 1956இல் வந்த படம். கிராமத்தை விட்டுக் காசிக்கு வருகிற குடும்பம் ஒரு பழைய வீட்டில் குடியிருக்கிறது. நடுவில் முற்றம், சுற்றிலும் அறைகள், வெளிச்சம் மேலே வானத்திலிருந்து மட்டும்தான், அதனால் யார் மேலும் அழுத்தமான நிழல் விழாது. மழை வந்து கெடுத்துவிடுமோ என்ற பயத்தில் அந்த வீட்டைக் கல்கத்தா ஸ்டுடியோவுக்குள் செட்டாகப் போடுவது என்று ராயும் கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தாவும் முடிவு செய்தார்கள். ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா மல்லுக்கு நின்றார். ஸ்டுடியோ விளக்கை நேராக அடித்தால் ஆளுக்கு நாலு நிழல் விழும், காசி முற்றத்து வெளிச்சம் வரவே வராது என்பது அவர் கட்சி. அப்போது அவருக்கு வயது 25தான், முந்தைய படமான ‘பதேர் பாஞ்சாலி’க்கு முன்னால் சினிமா கேமராவை இயக்கியதே கிடையாது. இருந்தும் வாயை மூடிக்கொண்டு இருக்கவில்லை பாருங்கள், எனக்கு ரொம்பப் பிடித்த இடம் அது.

வாதத்தில் தோற்றார். சரி, செட்தான் என்று ஆனபிறகு முற்றத்துக்கு மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, விளக்குகளைக் கீழே வைத்து அந்தத் துணியைப் பார்த்துத் திருப்பினார். துணியில் பட்டுத் திரும்பிய வெளிச்சம் மெத்தென்று இறங்கியது. அந்த வீடு செட் என்று இன்றைக்கும் கண்டுபிடிப்பது கஷ்டம். நம்மூர் படப்பிடிப்பில் தெர்மாகோல் அட்டையைப் பிடித்துக்கொண்டு ஒரு தம்பி நிற்பாரே, அதுவும் இதே ‘பவுன்ஸ்’ வேலைதான், அதாவது வெளிச்சத்தை நேராக அடிக்காமல் ஒன்றில் பட்டுத் திரும்ப வைப்பது.

இப்போது சொல்லுங்கள், அந்த வெளிச்சம் யாருடையது? செட்தான் வேண்டும் என்று மற்ற இருவரும் பிடிவாதம் பிடிக்காவிட்டால் மித்ராவுக்கு அந்த வேலையே வந்திருக்காது, மித்ரா இல்லாவிட்டால் செட் வெறும் செட்டாகத்தான் தெரிந்திருக்கும்.

கேள்வி: நண்பர்கள் சேர்ந்து குறும்படம் எடுக்கிறோம், நான் இயக்குகிறேன். கேமரா பிடிக்கும் நண்பர் ஸ்பாட்டில் ஒவ்வொரு ஷாட்டுக்கும் வேறு யோசனை சொல்கிறார். என்ன செய்வது?
- ஒரு வாசகி, சிவகாசி

பதில்: அவரிடம் ஸ்கிரிப்டை எப்போது கொடுத்தீர்கள்? ராத்திரி வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டு மறுநாள் காலை ஷூட்டிங் என்றால், பாவம், அவர் யோசிக்க ஸ்பாட்டை விட்டால் வேறு இடம் ஏது? லொகேஷன் பார்க்கப் போகும்போதே கூட்டிக்கொண்டு போங்கள், ஜன்னல் எந்தப் பக்கம், மதியத்துக்கு மேல் வெயில் எங்கே விழும் என்பதையெல்லாம் அங்கேயே சண்டை போட்டு முடித்துவிடுங்கள். ஸ்பாட்டில் முடிவு உங்களுடையது என்பதையும் அன்றைக்கே பேசிவிடுங்கள், பேசாமல் விட்டால் மனக்கசப்பில் போய் முடியும். ராய்கூட ‘சாருலதா’விலிருந்து கேமராவைத் தானே இயக்க ஆரம்பித்தார், 1966இல் வந்த ‘நாயக்’குக்குப் பிறகு அவரும் மித்ராவும் சேரவே இல்லை, அதில் எனக்கு இன்னும் வருத்தம் உண்டு. அப்புறம், நண்பர் சொன்ன யோசனையை எடுத்துக்கொண்டால் அது அவருடையது என்று எல்லார் முன்னாலும் சொல்லுங்கள்.