ஒரே இயக்குநரோடு காலம் முழுக்க வேலை செய்தால் எடிட்டருக்கு எதிர்காலம் உண்டா? ஜெர்மனியின் பீட்டர் ப்ஷிகொடா அப்படித்தானே இருந்தார்?

கேட்டவர் யாரோ ஒரு இயக்குநரிடம் மாட்டிக்கொண்டு, விடலாமா வேண்டாமா என்று முழிக்கிறார் போல. நானும் முழித்தவன்தான். கொலோனில் பதினான்கு வருடமாக எடிட்டிங் அறையில் இருக்கிறேன்.

முதலில் ஒரு திருத்தம். ஜெர்மன் இயக்குநர் விம் வெண்டர்ஸோடு 1970 முதல் 2008 வரை விட்டுவிட்டுப் பல படங்கள் செய்தவர்தான் ப்ஷிகொடா. ஆனால் ஷ்லோண்டார்ஃப், ரோமுவால்ட் கார்மாகர் என்று மற்றவர்களுக்கும் வெட்டியிருக்கிறார். ஒரு கால் எப்போதும் வெளியே இருந்தது. நீங்களும் அப்படி இருங்கள்.

எனக்குச் சுட்டது வேறு இடம். இயக்குநர் நிக்கோலஸ் ரேயின் கடைசி நாட்களை வெண்டர்ஸ் அவரோடு சேர்ந்தே படமாக்கினார். 1979 ஜூனில் ரே இறந்துவிட்டார். வெண்டர்ஸுக்கு அமெரிக்காவில் வேறு பட வேலை இருந்ததால், எடிட்டிங் ப்ஷிகொடாவின் தலையில் விழுந்தது. ப்ஷிகொடா வெட்டிய படம் 1980-இல் பிரான்சின் கான் திரைப்பட விழாவில் ஓடியது. அப்புறம் வெண்டர்ஸ் அதைத் தானே மறுபடி வெட்டி, தன் குரலையும் சேர்த்தார்.

எனக்கும் இதுதான் நடந்தது. (அவரோடு உன்னை ஒப்பிடுகிறாயா என்று சண்டைக்கு வராதீர்கள். தரத்தைச் சொல்லவில்லை, வயிற்றெரிச்சலைச் சொல்கிறேன்.) ஓர் ஆவணப்படம், நாலு மாத வேலை. அதில் ஓய்வுபெற்ற சுரங்கத் தொழிலாளி ஒருவர் நல்ல சட்டையைப் போட்டுக்கொண்டு, நடுங்கும் விரலால் கழுத்துப் பொத்தானைப் பூட்டுவார். மூன்றாம் தரம்தான் அது துளைக்குள் போகும். பதினொரு செக்கன் விட்டிருந்தேன். திரையிடலில் பார்த்தால், முதல் தரம் வழுக்கியதுமே அடுத்த ஷாட். அந்த மனுசன் பொத்தானைப் பூட்டவே இல்லை. எடிட்டர் என்று என் பெயரை மட்டும் பத்திரமாக வைத்திருந்தார்கள்.

அந்த இயக்குநர் அடுத்த படத்துக்குக் கூப்பிட்டார். நான் போகவில்லை. ப்ஷிகொடா போனார். வெண்டர்ஸின் 'பாரிஸ், டெக்சாஸ்' அவர் வெட்டியதுதான். 1984-இல் அதே கான் விழாவில் முதல் பரிசான தங்கப் பனையை வாங்கியது. நான் செய்தது சரி என்றுதான் இன்னும் சொல்வேன். அந்த வருட வாடகையைக் கட்டியது குளியலறை ஓடு விளம்பரங்கள், அது வேறு கதை.

இயக்குநர்களைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். நம் சனம்தான் தாங்க முடியாது. எடிட்டர் என்று தெரிந்தால் போதும், சாமத்திய வீட்டு (மஞ்சள் நீராட்டு விழா) வீடியோ வந்துவிடும். போன மாதம் ஒரு மாமா ஆறு மணி நேர வீடியோவை ஹார்ட் டிஸ்கில் கொண்டுவந்து தந்தார். காசுப் பேச்சே இல்லை. "கம்ப்யூட்டர்தானே தம்பி எல்லாம் செய்யுது" என்றார். ஒருத்தரையும் வெட்டக் கூடாதாம். வந்த நானூறு பேரின் முகமும் தெரிய வேண்டுமாம்.

அந்த வீடியோவில் இப்போது விருந்தினரின் பதினேழாவது மேசையில் நிற்கிறேன்.